இடுப்புப் பட்டை, எருதுகள், ஐந்து ஹைடு நிலம்: ஃபான்ட்ஹில் வழக்கு

கேன்டர்பரி தேவாலயத்தின் ஆவணக் காப்பகத்தில் ஒற்றைத் தோல்தாள் ஒன்று இருக்கிறது. இங்கிலாந்தின் தென்பகுதியில் இருந்த வெஸ்ஸெக்ஸ் நாட்டின் அரசர் எட்வர்டுக்கு எழுதப்பட்ட கடிதம் அது. எட்வர்டு, புகழ்பெற்ற ஆல்ஃபிரடின் மகன். 899 முதல் 924 வரை ஆண்டவர். அந்தக் காலத்து நிலப் பட்டயங்கள் பெரும்பாலும் லத்தீனில், கடவுளை அழைத்து, சாபம் வைத்து, அலங்காரமாக எழுதப்பட்டவை. இந்தக் கடிதம் அப்படியில்லை. மக்கள் பேசிய பழைய ஆங்கிலத்தில், நேரில் உட்கார்ந்து சொல்வதுபோல ஓடுகிறது. "அரசே, ஃபான்ட்ஹில் நிலத்தில் என்ன நடந்தது என்று சொல்கிறேன்" என்ற தோரணையில் தொடங்கி, ஒரு திருட்டு, ஒரு பஞ்சாயத்து, ஒரு சத்தியம், இன்னொரு திருட்டு, ஒரு ஜப்தி என்று போகிறது.

எழுதியவர் தன் பெயரைப் போடவில்லை. ஆனால் நடுவில் ஓர் இடத்தில், "நான்" என்று சொல்லிக்கொண்டு வந்தவர் திடீரென்று "ஓர்ட்லாஃப் தன் நிலத்தை எடுத்துக்கொண்டார்" என்கிறார். சற்றுத் தள்ளி அதே செயலை "நான்" என்றே மறுபடி சொல்கிறார். அதனால் எழுதியவர் வில்ட்ஷயர் பகுதியின் தலைவராக, அதாவது ஏல்டர்மன் பதவியில் இருந்த ஓர்ட்லாஃப்தான் என்று பெரும்பாலான ஆய்வாளர்கள் ஏற்கிறார்கள். நானும் அப்படியே எடுத்துக்கொள்கிறேன்.

இதைப் பொதுவாக ஹெல்ம்ஸ்டன் என்ற திருடனின் கதையாகச் சொல்வார்கள். அப்படிச் சொன்னால் சுவையாகத்தான் இருக்கும். ஆனால் கடிதத்தின் நோக்கம் அதுவல்ல. திருடனுக்காகப் பரிந்து பேசியவர், பஞ்சாயத்தில் உட்கார்ந்தவர், சத்தியத்துக்குத் துணை போனவர், கடைசியில் நிலத்தைக் கையில் வைத்திருந்தவர் எல்லாம் ஒரே ஆள். அவர்தான் கடிதத்தையும் எழுதுகிறார். ஆகவே இதை ஒரு சாட்சியின் வாக்குமூலமாகப் படிப்பதைவிட, வில்லங்கம் வந்துவிட்ட சொத்துக்கு அதைக் கைமாற்றிவிட்டவர் தரும் விளக்கமாகப் படிப்பதே சரி என்பது என் கட்சி.

முதலில் அந்த மண்ணைப் பற்றிக் கொஞ்சம். ஃபான்ட்ஹில், டிஸ்பரி, வார்டோர், சிக்லேட் எல்லாம் வில்ட்ஷயரின் தென்மேற்கில் அடுத்தடுத்து இருக்கும் ஊர்கள். வழக்குக்கு உள்ளான நிலம் ஐந்து ஹைடு. ஒரு ஹைடு என்பது ஒரு குடும்பம் பிழைக்கப் போதுமான நிலம் என்ற கணக்கு. அளந்து போட்ட பரப்பு அல்ல. வரிக்கும் ஊழியத்துக்கும் அதுதான் அலகு. இதே காலத்தில் வெஸ்ஸெக்ஸின் கோட்டை ஊர்களுக்கு ஒரு பட்டியல் போடப்பட்டது. ஹைடுக்கு ஓர் ஆள் வீதம் மதில் காக்க வர வேண்டும் என்பது அதில் உள்ள கணக்கு. வின்செஸ்டருக்கு மட்டும் 2,400 ஹைடு. அந்தக் கணக்குப்படி ஃபான்ட்ஹில் நிலத்துக்காரன் ஐந்து ஆளை மதிலுக்கு அனுப்ப வேண்டியவன். பெரிய ஜமீன் இல்லை, ஆனால் ஊரில் மதிப்போடு தலைநிமிர்ந்து நடக்கலாம்.

அந்தத் தலைமுறை பார்க்காத கலவரம் இல்லை. 878 ஜனவரியில், கிறிஸ்துமஸ் கொண்டாட்டம் முடிந்த கையோடு, டேனியத் தலைவன் குத்ரம் வில்ட்ஷயரின் சிப்பன்ஹாமைப் பிடித்தான். ஆல்ஃபிரட் சோமர்செட் சதுப்புக்குள் போய் மறைந்தார். சில மாதங்களில் சோமர்செட், வில்ட்ஷயர், ஹாம்ப்ஷயர் ஆட்களைத் திரட்டிக்கொண்டு வந்து எடிங்டனில் வென்றார். குத்ரம் முப்பது பேரோடு வந்து ஞானஸ்நானம் பெற்றான். ஆல்ஃபிரடே ஞானத்தந்தையாக நின்றார். இதெல்லாம் பாடப்புத்தகத்தில் இருப்பது. அவ்வளவாகப் பேசப்படாத ஒரு சங்கதி 901ஆம் ஆண்டுப் பட்டயம் ஒன்றில் இருக்கிறது. வில்ட்ஷயரின் அப்போதைய ஏல்டர்மன் வுல்ஃப்ஹேர், கொடுத்த சத்தியத்தை மீறி அரசரையும் நாட்டையும் கைவிட்டதால் தன் நிலத்தை இழந்தார் என்கிறது அது. சத்தியம் தவறினால் ஏல்டர்மனுக்கே நிலம் போய்விடும் என்பதை அந்தச் சுற்றுவட்டாரம் கண்ணால் பார்த்திருந்தது.

892இல் இன்னொரு பெரும்படை கப்பல்களில் வந்து இறங்கியது. 896 வரை சண்டை. அந்த ஆண்டுகளைப் பற்றி ஆண்டுக் குறிப்பு எழுதியவர் சொல்வது விசித்திரமாக இருக்கும்: கடவுள் புண்ணியத்தில் அந்தப் படை ஆங்கிலேயரை முழுசாக நசுக்கிவிடவில்லை, அந்த மூன்று வருடங்களில் மாடுகளும் மனிதர்களும் செத்ததுதான் அதைவிடப் பெரிய அடி என்கிறார். மாடுகளை முதலில் சொல்கிறார். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், எருதுகள் பின்னால் வரப்போகின்றன.

ஹெல்ம்ஸ்டனின் முதல் திருட்டு ஆல்ஃபிரடின் கடைசிக் காலத்தில் நடந்தது. எத்தெல்ரெட் என்பவரின் இடுப்புப் பட்டையை அவன் திருடினான். பட்டை என்றதும் சாதாரணத் தோல்வார் என்று நினைக்க வேண்டாம். அந்தக் காலத்துப் பிரமுகரின் பட்டையில் வேலைப்பாடு செய்த உலோகக் கொக்கியும் முனையும் இருக்கும். அணிந்தவரின் தகுதி அதில் தெரியும். எப்படித் திருடினான், எங்கே திருடினான் என்று கடிதம் சொல்வதில்லை. திருடன் யார் என்பதில் மட்டும் சந்தேகமே காட்டவில்லை.

பட்டை திருடியவன் மேல் நில வழக்கு எதற்கு? எத்தெல்ஹெல்ம் ஹிகா என்பவர், "இதுதான் சமயம்" என்று உடனே வந்து ஃபான்ட்ஹில் நிலம் தன்னுடையது என்று வழக்குப் போட்டார். அவரோடு வேறு சிலரும் சேர்ந்துகொண்டார்கள். வழக்கின் சூட்சுமம் இங்கேதான். அன்றைய நீதியின் முதுகெலும்பு சத்தியம். நிலமோ, கொலையோ, கடனோ, கடைசியில் யார் சத்தியம் செய்யலாம் என்பதில்தான் வந்து நிற்கும். ஆல்ஃபிரட் தன் சட்டத்தொகுப்பின் முதல் விதியாகவே வைத்தது, ஒவ்வொருவனும் தன் சத்தியத்தையும் வாக்கையும் காப்பாற்ற வேண்டும் என்பதை. சத்தியத்துக்கு எடையும் உண்டு. ஆல்ஃபிரடும் குத்ரமும் செய்துகொண்ட உடன்படிக்கையில், கொலைப்பழி சுமத்தப்பட்ட அரசப் பிரபு தன் தரத்தில் உள்ள பன்னிரண்டு பேரைக் கூட்டிவந்து சத்தியம் செய்தால் விடுபடலாம். அவனைவிடக் கீழ்ப்பட்டவனுக்குச் சமமானவர்கள் பதினொருவரும் அரசப் பிரபு ஒருவரும் வேண்டும். சாட்சியும் தடயமும் வேண்டாம் என்பதில்லை. ஆனால் அவை எல்லாமே யாருக்குச் சத்தியம் செய்யும் உரிமை என்று தீர்மானிக்கத்தான்.

திருடன் என்று பெயர் எடுத்தவனுக்கு அந்த உரிமை ஆட்டம் கண்டுவிடும். சத்தியம் செய்ய முடியாதவன் தன் சொந்த நிலத்தையும் காப்பாற்றிக்கொள்ள முடியாது. ஹிகா கணக்குப் போட்டது அதைத்தான். பட்டை அவருடையதே அல்ல, ஆனால் அந்தத் திருட்டால் ஆதாயம் பார்க்க முந்தியவர் அவர்தான்.

ஹெல்ம்ஸ்டன் ஓர்ட்லாஃபிடம் ஓடினான். திருட்டுக்கு முன்னால், பிஷப்பின் கையிலிருந்து அவனை ஏற்றுக்கொண்டவர் ஓர்ட்லாஃப். அதாவது உறுதிபூசுதல் சடங்கில் அவனுக்கு ஞானத்தந்தையாக நின்றவர். அந்த உறவு வெறும் சம்பிரதாயம் இல்லை. குத்ரமுக்கு ஆல்ஃபிரட் ஞானத்தந்தையானது எவ்வளவு அரசியலோ, அதே அளவு ஓர் ஊர்ப் பிரபுவுக்கும் இது பாதுகாப்பு. ஓர்ட்லாஃப் அரசரிடம் பரிந்து பேசினார். ஆல்ஃபிரட் இரங்கி, ஹிகாவுக்கு எதிராகத் தன் உரிமையை நிரூபிக்க ஹெல்ம்ஸ்டனுக்கு வாய்ப்புக் கொடுத்தார். இந்த இடத்தில் ஓர்ட்லாஃப், "அவர் ஆன்மாவுக்குக் கடவுள் கூலி கொடுக்கட்டும்" என்று சேர்க்கிறார். மகனுக்கு எழுதும் கடிதத்தில் அப்பாவை எந்த இடத்தில் நினைவூட்ட வேண்டும் என்று தெரிந்த ஆள்.

அரசர் பஞ்சாயத்துக்கு உத்தரவிட்டார். மத்தியஸ்தர்கள் யார் என்று கடிதம் பெயர் பெயராகச் சொல்கிறது: ஓர்ட்லாஃப், விட்போர்ட், அரசரின் உடைப் பொறுப்பாளராக இருந்த எல்ஃப்ரிக், பிர்ட்ஹெல்ம், சோமர்ட்டன் ஊர் கறுப்பு வுல்ஃப்ஹுன், ஸ்ட்ரிகா, உப்பா. இன்னும் பலர் இருந்தார்கள், இப்போது பெயர் சொல்லி மாளாது என்கிறார். தாளின் பின்பக்கத்தில் மொட்டை எல்ஃப்ஸ்டன் என்று இன்னொருவரும் வருவார். குடும்பப் பெயர் இல்லாத சமூகத்தில் ஒரே பெயருள்ளவர்களைப் பிரித்துக்காட்ட நம் ஊரில் செய்வதைத்தான் அவர்களும் செய்திருக்கிறார்கள்.

கவனிக்க வேண்டியது, பிரதிவாதியின் ஞானத்தந்தை மத்தியஸ்தராக உட்கார்ந்திருக்கிறார். யாருக்கும் அது உறுத்தியதாகத் தெரியவில்லை. ஓர்ட்லாஃபே அதை மறைக்கவில்லை. உறவு உள்ளவர் ஒதுங்கி நிற்க வேண்டும் என்ற எண்ணமே அந்த நீதிமுறையில் இல்லை. உறவு இருப்பதால்தான் ஒருவர் பேச்சுக்கு எடை.

பஞ்சாயத்து வார்டோரில் நடந்தது. இரு தரப்பும் தம் கதையைச் சொன்னார்கள். ஹெல்ம்ஸ்டன் தரப்பில் ஒரு மூலப்பத்திரம் இருந்தது. நிலம் முதலில் எத்தெல்த்ரித் என்ற பெண்ணுடையது. அத்துல்ஃபை அவள் மணந்தபோது மணமகன் தந்த விடியற்கொடை அது. மணநாளுக்கு மறுநாள் காலையில் கணவன் மனைவிக்குத் தரும் சொத்து. சீதனத்துக்கு எதிர்த்திசையில் போவது. அதை அவள் தக்க விலைக்கு ஓஸ்வுல்ஃபுக்கு விற்றாள். இது என் விடியற்கொடை, விற்க எனக்குப் பாத்தியதை உண்டு என்று வாங்குபவரிடம் சொல்லி விற்றாள். 9ஆம் நூற்றாண்டில் ஒரு பெண் தன் பெயரில் இருந்த ஐந்து ஹைடை விலைபேசி விற்க முடிந்தது, அந்தக் கிரயம் பல ஆண்டுகள் கழித்து அரசர் முன்னிலையில் செல்லுபடியானது என்பது இந்த வழக்கு போகிற போக்கில் நமக்குத் தரும் தகவல். நார்மன் படையெடுப்புக்குப் பிந்திய இங்கிலாந்தில் மணமான பெண்ணுக்கு இவ்வளவு எளிதாக இது கைகூடியிருக்காது.

அந்தக் கிரயத்துக்கு ஆல்ஃபிரடே கையொப்பம் கொடுத்திருந்தார். எட்வர்டு, எத்தெல்நோத், டியோர்மோட் ஆகியோரும் கொடுத்திருந்தார்கள். பத்திரத்தைக் கொண்டுவந்து வாசித்தார்கள். பெயர்கள் எல்லாம் இருந்தன. அதனால் ஹெல்ம்ஸ்டனே சத்தியத்துக்கு நெருக்கமானவன், அவனே சத்தியம் செய்யட்டும் என்று மத்தியஸ்தர்கள் முடிவுக்கு வந்தார்கள்.

ஒரு பத்திர எழுத்தர் இதைப் படித்தால் உடனே கை தூக்குவார். எத்தெல்த்ரித்திடமிருந்து ஓஸ்வுல்ஃபுக்கு வந்தது சரி. ஓஸ்வுல்ஃபிடமிருந்து ஹெல்ம்ஸ்டனுக்கு எப்படி வந்தது? அந்தக் கண்ணி கடிதத்தில் இல்லை. மகனா, மருமகனா, வாங்கினானா, ஒரு வார்த்தை கிடையாது. அன்றைய பழக்கத்தில் பத்திரம் யார் கையில் இருக்கிறதோ அவருக்குப் பாத்தியதை என்ற எண்ணம் வலுவாக இருந்தது. பத்திரத்தை ஒப்படைப்பதுதான் நிலத்தை ஒப்படைப்பது. ஆகவே அந்தக் கூட்டத்துக்கு இது ஓட்டையாகத் தெரியாமல் இருந்திருக்கலாம். ஆனால் ஹிகாவின் வழக்கு முழுக்கப் பொய் என்று நாம் முடிவுகட்ட வேண்டியதில்லை. அவர் தரப்பு வாதத்தில் ஒரு வரிகூட நமக்கு வந்து சேரவில்லை. எதிராளி எழுதிய கடிதத்தில் எப்படி வரும்?

ஹிகா மத்தியஸ்தர்களின் முடிவை ஏற்கவில்லை. அரசரிடமே போவோம் என்றார். போனார்கள். ஆங்கிலோ-சாக்சன் காலத்தை, அதாவது நார்மன்களுக்கு முந்திய இங்கிலாந்தை வாசிக்கும்போது எனக்கு மிகவும் பிடித்த இடம் இது. அரசர் வார்டோரில் உள்ளறையில் நின்று கை கழுவிக்கொண்டிருந்தார் என்கிறது கடிதம். சிம்மாசனம் இல்லை, கட்டியம் கூறுபவன் இல்லை. வழக்குக்காரர்கள் உள்ளே போய் நிற்கிறார்கள், அரசர் கை கழுவி முடிக்கும்வரை காத்திருக்கிறார்கள். முடித்துவிட்டு அவர் ஹிகாவைக் கேட்கிறார்: இவர்கள் சொன்ன தீர்ப்பு உனக்கு ஏன் நியாயமாகப் படவில்லை? ஹெல்ம்ஸ்டன் சத்தியம் செய்ய முடிந்தால் செய்யட்டும், அதைவிட நியாயமானது எதுவும் எனக்குத் தோன்றவில்லை.

ஆல்ஃபிரடின் வாழ்க்கையை எழுதிய ஆசர் பாதிரியார், பிரபுக்களும் எளியவர்களும் கூட்டங்களில் ஓயாமல் சண்டையிட்டார்கள், ஒருவர் தீர்ப்பை ஒருவர் ஏற்கவில்லை, எல்லாரும் அரசரிடமே வந்தார்கள், அரசர் நாடெங்கும் நடந்த தீர்ப்புகளை விசாரித்தார் என்று எழுதியிருக்கிறார். அரசரைப் புகழ எழுதிய நூல் என்பதால் கொஞ்சம் தள்ளுபடி கொடுத்துத்தான் அதைப் படிப்பார்கள். ஆனால் வார்டோர் காட்சி அதற்குத் தனிச் சாட்சியாக நிற்கிறது. ஈரக் கையோடு ஓர் அரசர் மேல்முறையீடு கேட்கிறார். இப்படி ஒரு விவரத்தை யாரும் அலங்காரத்துக்காகச் சேர்ப்பதில்லை. ஆனால், "உங்கள் அப்பா இதைத் தன் வாயால் தீர்த்தார், நான் பக்கத்தில் நின்றேன்" என்று எட்வர்டுக்கு அழுத்திச் சொல்ல இதைவிட நல்ல விவரமும் கிடையாது.

சத்தியத்துக்கு நாள் குறித்தார்கள். அதற்கு முன்னால் நடந்த பேரத்தை ஓர்ட்லாஃப் தயங்காமல் எழுதிவைத்திருக்கிறார். ஹெல்ம்ஸ்டன் அவரிடம் உதவி கேட்டான். சத்தியம் தவறிப்போவதைவிட நிலத்தை உங்களுக்கே கொடுத்துவிடுகிறேன் என்றான். நியாயத்துக்கு உதவுவேன், அநியாயத்துக்கு ஒருபோதும் மாட்டேன், நிலத்தை எனக்குத் தருவதாக இருந்தால் என்று இவர் பதில் சொன்னார். ஹெல்ம்ஸ்டன் அதற்கு வாக்குக் கொடுத்தான்.

அந்தப் பதிலின் இரண்டு பாதிகளையும் அடுத்தடுத்து வைத்துப் படித்தால் சிரிப்பு வரும். நியாயத்துக்குத்தான் உதவுவேன், ஆனால் கூலி ஐந்து ஹைடு. இதை லஞ்சம் என்று சொல்லலாமா? ஓர்ட்லாஃபுக்கு அப்படித் தோன்றியிருந்தால் அரசருக்கு எழுதும் கடிதத்தில் சேர்த்திருக்க மாட்டார். திருட்டுப் பட்டம் சுமந்தவனின் சத்தியத்துக்குத் துணைநிற்பது, தன் பெயரையும் பணயம் வைப்பது. அதற்கு விலை உண்டு என்பது எல்லாருக்கும் தெரிந்திருக்கிறது. ஆனாலும் மத்தியஸ்தராக உட்கார்ந்து தீர்ப்புச் சொன்ன கையோடு அதே சொத்தைக் கைமாற்றிக்கொள்வது அன்றைய அளவுகோலிலும் கொஞ்சம் துணிச்சல்தான் என்பது என் எண்ணம். ஹிகா ஏன் பல ஆண்டுகள் விடாமல் நின்றார் என்பதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம்.

குறித்த நாளில் ஓர்ட்லாஃபும் விட்போர்ட்டும் சேர்ந்து குதிரையில் போனார்கள். பிர்ட்ஹெல்ம் ஹிகாவோடு வந்தார். ஹெல்ம்ஸ்டன் சத்தியத்தை முழுமையாகச் செய்ததை எல்லாரும் காதால் கேட்டார்கள். வழக்கு முடிந்தது என்று எல்லாரும் சொன்னார்கள். கடிதத்தின் மிகச் சிறந்த வரிகள் இங்கே வருகின்றன: "அரசே, பணத்தாலும் சத்தியத்தாலும் முடிக்க முடியாவிட்டால் எந்த வழக்குதான் எப்போது முடியும்? ஆல்ஃபிரட் அரசர் கொடுத்த ஒவ்வொரு தீர்ப்பையும் மாற்றப் பார்த்தால் நாம் எப்போது வழக்காடி முடிப்போம்?" எந்த நீதிமன்றத்திலும் இன்றைக்கும் எடுபடும் வாதம். அதைச் சொல்பவர் அந்தத் தீர்ப்பால் நேரடியாக நிலம் பெற்றவர் என்பது மட்டும் நினைவில் இருக்கட்டும்.

சத்தியம் முடிந்ததும் பத்திரம் ஓர்ட்லாஃப் கைக்கு வந்தது. அவர் ஹெல்ம்ஸ்டனிடம், ஒழுங்காக இருந்தால் உயிருள்ளவரை நிலத்தை அனுபவித்துக்கொள் என்றார். பாத்தியதை இவருக்கு, அனுபோகம் அவனுக்கு.

ஒன்றரை வருடமோ இரண்டு வருடமோ தெரியாது என்று சொல்லி அடுத்த திருட்டுக்கு வருகிறார். ஃபான்ட்ஹில்லில் காவல் இல்லாமல் நின்ற எருதுகளை ஹெல்ம்ஸ்டன் திருடி, பக்கத்திலுள்ள சிக்லேடுக்கு ஓட்டிக்கொண்டு போனான். தடம் பிடித்து வந்த ஆள் மாடுகளை மீட்டுவிட்டான். ஹெல்ம்ஸ்டன் ஓடினான். ஓடும்போது முட்செடி ஒன்று முகத்தில் கீறிவிட்டது. நான் எடுக்கவில்லை என்று மறுக்கப் பார்த்தபோது அந்தக் கீறலையே அவனுக்கு எதிராகக் காட்டினார்கள்.

பட்டைத் திருட்டில் வம்பில் மாட்டியவன், எருதுத் திருட்டில் அழிந்தான். இரண்டுக்கும் உள்ள தூரம் அதிகம். முழு ஏருக்கு எட்டு எருது பூட்டிய காலம் அது. எருது போனால் ஒருவனுடைய சொத்து மட்டும் போவதில்லை, அந்த ஆண்டு உழவே நின்றுவிடும். மாடுகள் கொள்ளை கொள்ளையாகச் செத்த ஆண்டுகள் முடிந்து அப்போது அதிக காலமும் ஆகவில்லை. சில பத்தாண்டுகள் கழித்து, எட்வர்டின் மகன் எத்தெல்ஸ்டன் காலத்தில் லண்டன்காரர்கள் தங்களுக்குள் போட்டுக்கொண்ட ஒப்பந்தத்தில் எருதின் விலை 30 பென்னி, பசு 20, பன்றி 10, ஆடு ஒரு ஷில்லிங், அதாவது 5 பென்னி. நூறு வருடம் கழித்து மடத்துப் பள்ளியில் லத்தீன் பேசப் பழக எழுதிய ஓர் உரையாடலில் மாட்டுக்காரன் தன் வேலையைச் சொல்லும்போது, உழுதுவிட்டு வந்த எருதுகளை மேய்ச்சலுக்கு ஓட்டி, திருடர் பயத்தால் இரவு முழுக்கக் காவல் நிற்பதாகச் சொல்கிறான். ஃபான்ட்ஹில்லில் அந்தக் காவல் ஒருநாள் இல்லாமல் போனது.

தடம் பிடிப்பதும் ஒரு முறைப்படி நடந்த வேலை. மாட்டைத் தேடித் தடம் பிடித்து வருபவர்களுக்கு வழிகாட்ட ஒவ்வொருவரும் தன் நிலத்தில் ஆள் வைத்திருக்க வேண்டும், காசுக்காகத் திசைதிருப்பக் கூடாது என்று எட்வர்டின் சட்டமே சொல்கிறது. ஹெல்ம்ஸ்டனின் சொந்த நிலத்துக்குள் நடந்திருந்தால் தப்பியிருப்பானோ என்னவோ. எல்லை தாண்டிப் போனான், மாட்டிக்கொண்டான்.

அப்புறம் வந்தது ஜப்தி. பெனியார்டின் மகன் ஈன்வுல்ஃப் அந்தப் பகுதியில் அரசரின் மணியக்காரர். அவர் டிஸ்பரியில் ஹெல்ம்ஸ்டனுக்கு இருந்ததை எல்லாம் எடுத்துக்கொண்டார். ஏன் என்று ஓர்ட்லாஃப் கேட்டார். அவன் திருடன், அரசரின் ஆள், ஆகவே அவன் சொத்து அரசருக்கு என்று தீர்ப்பாகியிருக்கிறது என்றார் அவர். வெஸ்ஸெக்ஸின் பழைய இனே அரசர் சட்டத்தில், பிடிபட்ட திருடனுக்கு மரணம், அல்லது உயிரின் விலையைக் கட்டி மீள வேண்டும். வீட்டார் எல்லாருக்கும் தெரிந்து திருடியிருந்தால் குடும்பமே அடிமையாகிவிடும். பத்து வயதுப் பையன்கூட உடந்தையாகக் கருதப்படலாம். ஆல்ஃபிரட் தன் தொகுப்போடு அந்தச் சட்டத்தையும் சேர்த்தே வைத்திருந்தார். அந்தக் கணக்கில் பார்த்தால் ஹெல்ம்ஸ்டன் சொத்தை மட்டும் இழந்து தப்பியது பெரிய விஷயம்.

ஃபான்ட்ஹில் மட்டும் ஜப்தியில் சிக்கவில்லை. பாத்தியதை ஓர்ட்லாஃபுடையது, ஹெல்ம்ஸ்டன் வெறும் அனுபோகக்காரன், தனக்கு இல்லாததை அவன் எப்படி இழக்க முடியும் என்ற வாதம். சத்தியத்துக்கு முன் பேசிய பேரம் இப்போது கைகொடுத்தது. அந்தப் பேரம் நடக்காமல் நிலம் ஹெல்ம்ஸ்டன் பெயரிலேயே இருந்திருந்தால், எருதுகள் பிடிபட்ட அன்றே ஐந்து ஹைடும் அரசரின் கஜானாவுக்குப் போயிருக்கும். அதாவது இந்த ஏற்பாட்டால் நஷ்டப்பட்டவர்களில் கடிதத்தைப் படிக்கும் எட்வர்டும் ஒருவர். ஓர்ட்லாஃப் ஏன் இவ்வளவு நீளமாக, இவ்வளவு சாட்சிப் பெயர்களோடு எழுதினார் என்பதற்கு எனக்குத் தெரிந்த விடை இதுதான். ஹிகாவுக்குப் பதில் சொல்வது பாதி வேலை. நிலம் தங்களுக்கு வந்திருக்க வேண்டும் என்று அரசர் தரப்பில் யாரும் கிளப்பாமல் இருப்பது மீதி.

எட்வர்டு, ஹெல்ம்ஸ்டனைச் சட்டத்தின் காப்பிலிருந்து நீக்கினார். அப்படி நீக்கப்பட்டவனை யாரும் வீட்டில் சேர்க்கக் கூடாது, யார் கொன்றாலும் கேட்பார் இல்லை. நிலைமை அப்போது நாட்டிலும் பதற்றம். 899 அக்டோபர் 26இல் ஆல்ஃபிரட் இறந்ததும் எட்வர்டின் பெரியப்பா மகன் எத்தெல்வோல்ட் அரியணைக்கு உரிமை கோரி விம்பார்னைப் பிடித்துக்கொண்டான். அங்கேயே வாழ்வேன் அல்லது சாவேன் என்று சொல்லிவிட்டு, ராத்திரியோடு ராத்திரியாக டேனியர்களிடம் ஓடினான். புதிய அரசர் யார் தன் ஆள், யார் இல்லை என்று எண்ணிக்கொண்டிருந்த நேரம். அரசரின் ஆளாக இருந்தவன் மாடு திருடி மாட்டியதை லேசாக விடும் மனநிலை இருந்திருக்காது.

ஹெல்ம்ஸ்டன் செய்தது சாமர்த்தியம். வின்செஸ்டரில் ஆல்ஃபிரட் அடக்கம் செய்யப்பட்ட இடத்துக்குப் போனான். அங்கிருந்து ஒரு முத்திரையோடு ஓர்ட்லாஃபிடம் வந்தான். அரசரின் கல்லறையில் சத்தியம் செய்ததற்கோ, அடைக்கலம் கேட்டதற்கோ அத்தாட்சியாக அது இருந்திருக்க வேண்டும். அப்போது ஓர்ட்லாஃப் எட்வர்டோடு சிப்பன்ஹாமில் இருந்தார், சுமார் இருபது ஆண்டுகளுக்கு முன் குத்ரம் பிடித்த அதே சிப்பன்ஹாம். முத்திரையை அரசரிடம் கொடுத்தார். எட்வர்டு தண்டனையை நீக்கி, ஒதுங்கி வாழ ஒரு நிலமும் கொடுத்தார். கடிதம் எழுதப்பட்டபோது ஹெல்ம்ஸ்டன் அங்கேதான் இருந்தான். இரண்டு முறை திருடியவன், உயிரோடும் கூரையோடும் முடித்தான். இறந்த அப்பாவின் பெயரைப் புதிய அரசரால் தட்ட முடியவில்லை. அது ஓர்ட்லாஃபுக்கும் தெரியும், அவருடைய ஞானமகனுக்கும் தெரியும். இதே சலுகை எத்தெல்ஸ்டன் காலத்தில் கிடைத்திருக்குமா என்பது சந்தேகம். பன்னிரண்டு வயதுக்கு மேற்பட்டவன் எட்டுப் பென்னிக்கு மேல் திருடிக் கையும் களவுமாகப் பிடிபட்டால் விடக் கூடாது என்று அவர் சட்டம் போட்டார். பிறகு அவருக்கே மனம் கேட்காமல் அந்த வரம்பைப் பதினைந்து வயது, பன்னிரண்டு பென்னி என்று தளர்த்தினார்.

ஓர்ட்லாஃப் ஃபான்ட்ஹில்லை வைத்துக்கொள்ளவில்லை. எட்வர்டும் அவருடைய ஆலோசகர்களும் சாட்சியாக இருக்க, வின்செஸ்டர் பிஷப்புக்கு அதைக் கொடுத்து, பதிலுக்கு வில்ட்ஷயரின் வடபகுதியில் லிடியார்டில் ஐந்து ஹைடு வாங்கிக்கொண்டார். பிஷப்பும் மடத்தாரும் நான்கு ஹைடைத் தாராளமாக விட்டார்கள், ஐந்தாவது தசமபாகத்துக்கு உட்பட்டது. வில்லங்கம் உள்ள சொத்தைத் திருச்சபையிடம் தள்ளிவிட்டு, வில்லங்கமில்லாததை வாங்கிக்கொள்வது நல்ல யோசனைதான். ஆனால் ஹிகா விடவில்லை, இப்போது பிஷப் மேல் வழக்கு. பிஷப் தோற்றால் லிடியார்டை ஓர்ட்லாஃப் திருப்பித் தர வேண்டியிருக்கும். கடிதம் பிறந்தது அந்த நெருக்கடியில். "இப்போது இருப்பதுபோலவே இருக்கட்டும், எனக்கு அது மிகவும் தேவை" என்று கேட்டு, வேறு மாதிரி ஆனால் அரசர் தருமமாக எது கொடுத்தாலும் ஏற்றுக்கொள்கிறேன் என்று பணிந்து முடிக்கிறார்.

தாளின் பின்பக்கத்தில் ஒரு சிறு குறிப்பு உண்டு. அரசர் வார்மின்ஸ்டரில் இருந்தபோது எத்தெல்ஹெல்ம் ஹிகா வழக்கிலிருந்து விலகிக்கொண்டார். சாட்சி ஓர்ட்லாஃப், ஓஸ்ஃபெர்த், ஓடா, விட்போர்ட், மொட்டை எல்ஃப்ஸ்டன், எத்தெல்நோத். விலகியதற்கு ஹிகாவுக்கு ஏதாவது கிடைத்ததா என்று குறிப்பில் இல்லை. சாட்சிப் பட்டியலில் ஓர்ட்லாஃபும் இருக்கிறார், முதல் பஞ்சாயத்தில் உட்கார்ந்த விட்போர்ட்டும் இருக்கிறார். நிலம் வின்செஸ்டர் பிஷப்புகளிடமே தங்கியது. ஊருக்கு இன்றும் பெயர் ஃபான்ட்ஹில் பிஷப்.